தண்ணீர் தெளியும்வரை

எந்த நாயையும் குளிப்பாட்டாமல் அதன் நிறத்தை எழுதவிடமாட்டார் அந்த அக்கா. அவரைப் பற்றி ஒரே ஒரு வரிதான் எழுதலாம் என்றால் நான் இதைத்தான் எழுதுவேன்.

நம் தமிழ்ப் பள்ளி மலருக்குப் பிள்ளைகள் படிக்கிற மாதிரி ஏதாவது எழுதித் தரச் சொன்னார்கள். நான் ஐ.டி.ஐ. முடித்தவன், கதை கட்டத் தெரியாது. அதனால் நான் பார்த்த ஒருவரைப் பற்றிச் சொல்கிறேன். பெயரைச் சொல்லவில்லை. இப்போது அவர் மெல்பர்னில் தங்கையோடு இருக்கிறார். பெயர் போட்டால், "என்ன தம்பி, என்னைப் பேப்பரில போட்டிட்டீரோ" என்று கேட்பார். என் மகள் பவித்ரா அவரை டாகி ஆன்ட்டி என்றுதான் கூப்பிடுவாள். நான் அக்கா என்பேன்.

கடல் கடந்து வந்து குடியேறிய மனுரேவாவில் ஒரு கிடங்கில் எனக்கு வேலை. செவ்வாய்க்கிழமைகளில் நாய்த் தீவன மூட்டைகளை வேனில் ஏற்றிக்கொண்டு, தெருவில் திரியும் நாய்களைப் பிடித்து வைக்கும் காப்பகத்துக்குப் போவேன். முதல் நாள் மூட்டையை இறக்கிக்கொண்டிருந்தபோது, பக்கத்து அறையிலிருந்து ஆவி புகையாக வந்தது. அதற்குள்ளிருந்து ஒரு குரல்: "எங்கயடா போய்ப் பிரண்டனி? உன்ர கொம்மா பாத்தா என்ன சொல்லுவா?"

மூட்டையைத் தோளில் வைத்தபடியே நின்றுவிட்டேன். இந்த ஊரில் ஒரு நாயிடம் தமிழில் பேசுகிறார்கள் என்றால் யார் நிற்கமாட்டார்கள்? எட்டிப் பார்த்தேன். குட்டையான ஓர் அம்மா, முழங்கால்வரை ரப்பர் பூட்ஸ், கையில் தண்ணீர்க் குழாய். தொட்டியில் ஒரு பெரிய நாய், தப்புச் செய்த பிள்ளைபோலத் தலையைத் தொங்கப் போட்டு நின்றது. தண்ணீர் செம்மண்ணாக ஓடியது. அவர் அந்தத் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தார். அது பழுப்பாகி, பால்போலாகி, கடைசியில் வெறும் தண்ணீரானது. அப்புறம்தான் குழாயை மூடினார். என்னைத் திரும்பிப் பார்த்தார். யார் என்றுகூடக் கேட்கவில்லை.

"அந்த அட்டையை எடும் தம்பி. நிறம்: வெள்ளை. எழுதும்."

காப்பகத்தில் ஒவ்வொரு நாய்க்கும் ஓர் அட்டை உண்டு. ஆணா பெண்ணா, வயது என்ன, நிறம் என்ன என்று எழுதி, படத்தோடு இணையத்தில் போடுவார்கள். நாயைத் தொலைத்தவர்கள் அதைப் பார்த்துத்தான் தேடி வருவார்கள். ஒரு வாரத்துக்குள் யாரும் வராவிட்டால் நாயின் பாடு கஷ்டம்தான். முன்பு ஒரு தடவை, களிமண்ணில் புரண்டு வந்த ஒரு நாயைப் பழுப்பு என்று எழுதிவிட்டார்களாம். மாசி என்ற இடத்தில் ஒரு கிழவர் தினமும் இணையத்தில் வெள்ளை நாயைத் தேடித் தேடிப் பார்த்து, இல்லை என்று அழுதுவிட்டுத் தூங்கப் போயிருக்கிறார். கடைசி நாளில் அக்கா அதைக் குளிப்பாட்டினார். வெள்ளையாக எழுந்து நின்றதாம். அன்றிலிருந்து அக்கா நிறத்தைச் சொன்னால்தான் அட்டையில் எழுதுவார்கள். வெள்ளைக்கார மேலாளர்கூடக் கதவருகே பேனாவோடு காத்திருப்பார்.

எங்கள் ஊர்ப் பக்கம் குளிப்பாட்டுவது என்போம். அக்கா யாழ்ப்பாணம். அவர் முழுக வார்ப்பது என்பார். எதைக் கேட்டாலும் அதுதான் பதில். கிடங்கில் ஒருவனைத் திருடன் என்கிறார்களே என்று ஒருநாள் சொன்னேன். "முதல் முழுக வார்த்துப் பாரும்," என்றார். கோயிலில் இரண்டு குடும்பத்துக்குச் சண்டையாமே என்றேன். அதற்கும் அதேதான்.

இந்தப் பழக்கம் அவருக்கு எங்கிருந்து வந்தது என்று நான் ஒரு வருடம் கழித்துத்தான் தெரிந்துகொண்டேன்.

மத்தியானச் சாப்பாட்டை அவர் வெளியே உட்கார்ந்துதான் சாப்பிடுவார். கடல் வற்றினால் சேற்றுவெளி தெரியும் இடம் அது. வெயிலும் மூட்டமும் மாறி மாறி வரும். காப்பகத்தின் கூரை ஓரத்தில் சின்னக் குருவிகள் மண்கூடு கட்டியிருந்தன. தகைவிலான் என்று பெயர். அக்கா சோற்றைக் கையில் வைத்துக்கொண்டு, அந்தக் குருவிகள் வந்து போவதையே பார்ப்பார். ஒவ்வொன்றின் முகத்தையும் பார்ப்பார். என்ன தேடுறீங்க என்றேன்.

"வெள்ளை இறகு," என்றார்.

அப்போதுதான் சொன்னார். அவர் இளம் பெண்ணாக இருந்தபோது, உதவித்தொகை கிடைத்து, கீவ் நகரத்துக்கு மிருக வைத்தியம் படிக்கப் போனாராம். அங்கிருந்து இரண்டு மணி நேரம் வண்டியில் போனால் செர்னோபில். மின்சாரம் எடுக்கிற அணு உலை ஒன்று அங்கே இருந்தது. ஒருநாள் அது வெடித்துவிட்டது. கண்ணுக்குத் தெரியாத தூசி காற்றில் பரவியது. அந்தத் தூசியிலிருந்து வீசும் கதிரைத்தான் கதிர்வீச்சு என்கிறோம். அது வாசமும் இல்லாதது, சூடும் இல்லாதது. சுற்றியிருந்த ஊர்களில் மனிதர்களைப் பேருந்தில் ஏற்றிக் கொண்டுபோய்விட்டார்கள். மூன்று நாளில் திரும்பலாம் என்று சொன்னதால் நாய்களையும் பூனைகளையும் விட்டுவிட்டுப் போனார்கள். யாரும் திரும்பவில்லை.

"கீவ் எப்படி இருந்தது தெரியுமே," என்று அக்கா சொல்வார். மரமெல்லாம் மெழுகுதிரி ஏற்றியதுபோல வெள்ளைப் பூ. நாள் முழுக்க லாரிகள் வந்து தெருவைக் கழுவிக்கொண்டே இருந்தன. வெயில் காய்கிற தெரு, ஆனால் எப்போதும் ஈரம். ஈரத்துக்குள் மரங்கள் தலைகீழாகத் தெரியும். மாணவர் விடுதி வாசலில் நனைந்த துணி போட்டு, செருப்பைத் துடைத்துவிட்டுத்தான் உள்ளே வரவேண்டும். அதைச் சொல்லும்போது அவர் கண் சேற்றுவெளியைத் தாண்டி எங்கேயோ போய்விடும். கேட்கிற எனக்கும் மனுரேவா மறந்துபோகும். நானும் அந்த ஈரத் தெருவில் நடப்பேன்.

விடுதியில் எல்லாரும் சோறு போட்டு வளர்த்த ஒரு தெருநாய் இருந்தது. சினையாக இருந்தது. கதிர்வீச்சை அளக்கும் கருவியோடு ஒரு மனிதர் வந்தார். நாயின் முதுகில் கருவியை வைத்ததும் அது பொரிகடலை பொரிவதுபோலச் சத்தம் போட்டதாம். துரத்திவிடுங்கள் என்றார் அவர். அக்கா துரத்தவில்லை. குளியலறைக்குக் கொண்டுபோய் முழுக வார்த்தார். மறுபடி அளந்தார்கள். சத்தம் குறைந்தது. மறுபடி வார்த்தார். மூன்றாம் தடவை அந்த மனிதர் கருவியைப் பையில் போட்டுக்கொண்டு, இருக்கட்டும் என்று போய்விட்டார்.

"வெளியில ஒட்டினது கழுவினாப் போகும் தம்பி. உள்ளுக்குப் போனதுதான் போகாது. உள்ளுக்குப் போச்சுதோ இல்லையோ எண்டு ஆருக்கும் தெரியாது."

குட்டி போடுவதற்குள் வெளிநாட்டு மாணவர்களை ஊருக்கு அனுப்பிவிட்டார்கள். மாதங்கள் கழித்துப் படிப்பை முடிக்கத் திரும்பிப் போனபோது அந்த நாய் இல்லை. குட்டிகள் எப்படிப் பிறந்தன என்று அவருக்குத் தெரியவே தெரியாது. ஊரில் அவருக்குக் கல்யாணம் பேசினார்கள். கதிர் விழுந்த இடத்தில் இருந்த பெண், பிள்ளை எப்படிப் பிறக்குமோ என்று வந்தவர்கள் எல்லாரும் போய்விட்டார்கள். அக்கா இதை ஒரே மூச்சில் சொல்லிவிட்டு, சாப்பாட்டுப் பெட்டியை மூடினார். "பிறகு எனக்கே அப்படித்தான் பட்டுது."

பிள்ளைகளே, இங்கே ஒரு விஷயம் சொல்ல வேண்டும். ஒவ்வோர் உயிரின் உடம்புக்குள்ளும், அதை எப்படிச் செய்வது என்ற குறிப்பு இருக்கிறது. மரபணு என்பார்கள். பாதி தாய் தருவது, பாதி தந்தை தருவது. கதிர்வீச்சு அந்தக் குறிப்பில் எழுத்தைக் கலைத்துவிடக்கூடும். கலைந்த எழுத்து குட்டிக்கும் போகக்கூடும். செர்னோபிலில் மிஞ்சிய நாய்கள் குட்டி போட்டு, குட்டிகள் குட்டி போட்டு, இன்றும் அங்கே இருக்கின்றன. விஞ்ஞானிகள் அவற்றின் ரத்தத்தை எடுத்து அந்தக் குறிப்பைப் படித்தார்கள். மற்ற ஊர் நாய்களின் குறிப்பைவிட அது வேறாக இருந்தது. இந்தச் செய்தியை நான் கைபேசியில் பார்த்ததும் அக்காவிடம் ஓடினேன். பாத்தீங்களாக்கா, மாறிடுச்சாம் என்றேன்.

அவர் அவசரப்படவில்லை. வேறாக இருப்பது ஒரு கதை, ஏன் வேறாக இருக்கிறது என்பது இன்னொரு கதை என்றார். ஆளில்லாத ஊரில் அந்த நாய்கள் தங்களுக்குள்ளேயே கூடித் தலைமுறை தலைமுறையாகப் பெருகியிருக்கின்றன. அப்படிப் பெருகினால் ஒன்றுபோல ஒன்று ஆகத்தான் செய்யும்.

"எங்கட தெருவில மச்சானுக்கு மச்சாளைக் கட்டிக் கட்டி எல்லாருக்கும் ஒரே மூக்கு. அதுக்கு ஆர் கதிர் வீசினது?"

எனக்குச் சிரிப்பு வந்தது. எங்க அத்தை வீட்டுலயும் அப்படித்தான்க்கா, காது எல்லாம் ஒண்ணு என்றேன். அவரும் சிரித்தார். செர்னோபில் தகைவிலான்களில் சிலவற்றுக்கு முகத்தில் வெள்ளை இறகு வந்தது என்று எழுதியிருக்கிறார்கள். தவளைகள் கறுப்பாக இருக்கின்றன என்றும் எழுதியிருக்கிறார்கள். கதிர் கறுப்பாக்கியதா, கறுப்பாகப் பிறந்தவை மட்டும் தப்பிப் பிழைத்தனவா என்று கேட்டார் அக்கா. தெரியலக்கா என்றேன். "எனக்கும் தெரியாது," என்றார். அவர் வாயில் அந்தச் சொல் வரும்போது வெட்கமே இருக்காது. எதையோ பத்திரமாக எடுத்து வைப்பதுபோலச் சொல்வார்.

இனி நான் செய்த தவறைச் சொல்கிறேன்.

என் மனைவி இரண்டாம் முறை கருவுற்றிருந்தாள். அக்கா ஒவ்வொரு செவ்வாயும் விசாரிப்பார். பிள்ளை பிறந்ததும் தாய்க்குக் கறி வைக்க, மல்லி, மிளகு, மஞ்சள் எல்லாம் வறுத்து இடித்த சரக்குத்தூள் தருவதாகச் சொல்லியிருந்தார். ஒருநாள் வீட்டுக்கு வந்து மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டு நெடுநேரம் உட்கார்ந்திருந்தார். அந்தச் சமயத்தில் ஒரு படம் எல்லார் கைபேசிக்கும் வந்தது. செர்னோபிலில் நீல நாய்கள். வானத்தை எடுத்துப் பூசியதுபோல நீலம். பனியில் கனவுபோல நின்றன.

நான் அதைப் பார்த்து மயங்கிவிட்டேன். தமிழ்ப் பள்ளிப் பெற்றோர் குழுவில் அனுப்பினேன். அதோடு நில்லாமல், எங்களுக்குத் தெரிந்த அக்கா ஒருத்தர் அங்கேதான் இருந்தார், அந்த நாயையே கையால் தொட்டுக் குளிப்பாட்டியவர் என்று குரலிலும் பேசி அனுப்பினேன். பெருமையாகத்தான் நினைத்துப் பேசினேன். அக்காவிடம் படத்தைக் காட்டியபோது, அவர் உற்றுப் பார்த்துவிட்டு வழக்கம்போல, "முதல் முழுக வார்த்துப் பாக்கச் சொல்லும்," என்றார். எதிலோ போய்ப் புரண்டிருக்கும் என்றார். பின்னால் அந்த நாய்களைப் பராமரிப்பவர்களும் அப்படித்தான் சொன்னார்களாம். ஆனால் அந்தச் செய்தியை யாரும் யாருக்கும் அனுப்பவில்லை.

பிளாக்ஹவுஸ் பே மண்டபத்தில் பொங்கல் விழா. நான்தான் அக்காவை அழைத்துப் போனேன். கைக்குழந்தையோடு வந்த ஒரு பெண் சாப்பாட்டுத் தட்டு எடுக்கப் போனபோது, அக்கா அந்தக் குழந்தையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டார். குழந்தை அவர் மூக்கைப் பிடித்து விளையாடியது. அப்போது குழந்தையின் அத்தை வேகமாக வந்தார். "பால் குடிக்கிற நேரம்," என்று சொல்லித் தூக்கிக்கொண்டு போனார். போய்ப் பால் கொடுக்கவில்லை. ஒரு மூலையில் நின்று ஈரத்துணியால் குழந்தையின் கையைத் துடைத்தார். பக்கத்து நாற்காலிக்காரர்களும் தங்கள் பிள்ளைகளைக் கூப்பிட்டுக்கொண்டார்கள். குழுவில் நான் பேசியது எங்கே போய்ச் சேர்ந்திருக்கிறது என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது.

அக்கா தன் இரண்டு கைகளையும் விரித்துப் பார்த்தார். எழுந்து மண்டபத்துச் சமையலறைக்குப் போய்க் குழாயைத் திறந்து கழுவினார். தெளிந்த தண்ணீர்தான் ஓடியது. அவர் மூடவே இல்லை.

"அப்பா, ஆர் ஹெர் ஹேண்ட்ஸ் டர்ட்டி?" என்று பவித்ரா கேட்டாள். அவர் கை அழுக்கா என்று. நான் இல்லை என்று சொல்லியிருக்க வேண்டும், எழுந்து போய் அக்கா பக்கத்தில் நின்றிருக்க வேண்டும். நான் தட்டைப் பார்த்துச் சாப்பிட்டேன்.

அதன்பிறகு அவர் எந்தக் கூட்டத்துக்கும் வரவில்லை. செவ்வாய்க்கிழமைகளில் நிறத்தை மட்டும் சொல்வார். மனைவியைப் பற்றிக் கேட்பதை விட்டுவிட்டார்.

மகன் பிறந்தான். என் மாமியாருக்கு விசா வந்து சேரவில்லை. மூன்றாம் நாள் வீட்டுக்கு வந்து துணியை விலக்கிப் பார்த்தால், குழந்தையின் இடுப்புக்குக் கீழே நீலம். என் உள்ளங்கை அளவு. நாளைக்குப் பெய்யப்போகிற மழைமேகம்போல. வீட்டுக்கு வந்த மருத்துவச்சி அதைப் பார்த்து, சாதாரணம்தான் என்று சொல்லிக் குறித்துக்கொண்டு போனார். அந்தச் சொல் காதில் விழுந்தது, நெஞ்சில் இறங்கவில்லை. கண்ணை மூடினால் பனியில் நீல நாய்கள் நடந்தன. அக்கா என் மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டிருந்ததும் நினைவுக்கு வந்தது. ஆமாம், அந்தக் கை பட்டதால்தானோ என்று நானும் நினைத்தேன். மண்டபத்தில் குழந்தையைப் பிடுங்கிக்கொண்ட அந்த அத்தைக்கும் எனக்கும் என்ன வித்தியாசம்?

மனைவி என் முகத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிட்டாள். அவளுக்கும் பயம்தான். ஆனாலும் சொன்னாள்: "பச்சைப்பிள்ளைய எப்படிக் குளிப்பாட்டுறதுன்னு எனக்கும் தெரியாது, உங்களுக்கும் தெரியாது. போய் அவங்களக் கூட்டிட்டு வாங்க. நீங்க பேசினத நீங்களே அவங்ககிட்டச் சொல்லணும்."

போனேன். அக்கா ஒரு கறுப்பு நாயைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தார். ஆவிக்குள் நின்று எல்லாவற்றையும் சொன்னேன். குழுவில் பேசியது நான், மண்டபத்தில் வாயைத் திறக்காதது நான், நேற்று மனத்தில் அப்படி நினைத்ததும் நான் என்று. அவர் நாயின் முதுகைத் தேய்ப்பதை நிறுத்தவில்லை.

"தண்ணி இன்னும் கலங்கலா இருக்கு," என்றார். "நில்லும்."

நின்றேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. தண்ணீர் தெளிந்தது. குழாயை மூடினார். "கறுப்பு. எழுதும்," என்றார். எழுதினேன். பிறகு பூட்ஸைக் கழற்றி வைத்துவிட்டு, தன் அலமாரியிலிருந்து ஒரு பொட்டலத்தை எடுத்துக்கொண்டு வேனில் ஏறினார். வறுத்த மல்லி வாசம் வழியெல்லாம் வந்தது. எப்போதோ இடித்து வைத்துவிட்டுக் கொடுக்காமலே இருந்திருக்கிறார்.

எங்கள் குளியலறையில் காலை வெயில் கண்ணாடி வழியே விழுந்துகொண்டிருந்தது. அக்கா தரையில் துண்டை விரித்து உட்கார்ந்து, காலை நீட்டினார். முழங்கைவரை சோப்புப் போட்டுக் கழுவினார். வாளித் தண்ணீரில் முழங்கையை விட்டுச் சூடு பார்த்தார். எல்லாம் ஆனபிறகு, மேலே கையை நீட்டாமல், என் மனைவியைப் பார்த்துக் கேட்டார்.

"நான் தொடலாமோ பிள்ளை?"

அவள் குனிந்து, குழந்தையை அவர் கால்மேல் குப்புறப் படுக்க வைத்தாள்.

அக்கா கிண்ணம் கிண்ணமாக ஊற்றினார். வெயிலில் ஆவி எழும்பியது. குழந்தை அழவில்லை, ஏதோ பழைய ஞாபகம் வந்ததுபோலக் கண்ணைத் திறந்து மூடியது. பவித்ரா கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். தண்ணீர் அந்த நீலத்தின்மேல் ஓடி ஓடி வழிந்தது. நீலம் அப்படியே இருந்தது. நான் மூச்சை விடாமல் பார்த்துக்கொண்டிருந்ததை அக்கா கவனித்திருக்க வேண்டும். கட்டைவிரலால் அந்த இடத்தை மெதுவாகத் தேய்த்தார். விரலை என் பக்கம் காட்டினார். அதில் ஒன்றும் இல்லை.

"இது ஒட்டினது இல்லை தம்பி. கூடப் பிறந்தது. எங்கட சனத்தில கனக்கப் பிள்ளையளுக்கு இருக்கும். எனக்கும் இருந்ததெண்டு அம்மா சொல்லுறவ. உமக்கும் இருந்திருக்கும், உம்மட முதுகை நீர் எங்க கண்டனீர்? நடக்கத் துவங்கி ஓடித் திரியேக்க தன்பாட்டில மறைஞ்சிடும்."

மனைவி சிரிக்கவும் அழவும் செய்தாள். பவித்ரா பிறந்தபோது என் மாமியார்தான் எல்லாம் பார்த்தார். அவளுக்கும் இருந்ததோ என்னவோ, யார் பார்த்தோம்?

அன்று சாயங்காலமே குழுவில் மறுபடி பேசி அனுப்பினேன். நான் முன்பு சொன்னது அறியாமல் சொன்னது, என் மகனை அந்த அக்காதான் தினமும் குளிப்பாட்டப் போகிறார் என்று. சிலர் பதில் போட்டார்கள். சிலர் போடவில்லை. நாற்பது நாளும் அவர்தான் வந்து குளிப்பாட்டினார். இப்போது மகன் ஓடித் திரிகிறான். நீலத்தைத் தேடினால்தான் தெரியும்.

ஆனால் எனக்கு அந்த முதல் நாள்தான் திரும்பத் திரும்ப வருகிறது. அக்கா குழந்தையைத் திருப்பிப் போட்டு, கால்விரல்களை ஒவ்வொன்றாகப் பிடித்து எண்ணினார். பத்து. மறுபடி முதலிலிருந்து எண்ணினார். இரண்டாவது தடவை அவர் எண்ணியது என் மகனின் விரல்களை மட்டும்தானா என்று எனக்குத் தெரியாது. கீவில் அந்த நாய் எத்தனை குட்டி போட்டதோ. பிறகு துண்டில் சுற்றி நெஞ்சோடு தூக்கிக்கொண்டார். ஆவிக்குள் அவர் முகம் தெளிவாகத் தெரியவில்லை. காப்பகத்தில் சொல்வதுபோலவே, பழக்கதோஷத்தில், உரக்கச் சொன்னார்.

"நிறம்: தாயின்ர நிறம். எழுதும் தம்பி."

அன்று என் கையில் அட்டையும் இல்லை, பேனாவும் இல்லை. இப்போதுதான் எழுதுகிறேன்.